பேப்பர் போடலாமா என்று யோசிக்கும் சிஸ்டர்களுக்கு: தாக்குப்பிடிக்கவும் முடிவெடுக்கவும் ஒரு முழு வழிகாட்டி

நர்சிங் முடித்து வேலைக்கு வந்த எல்லோருக்கும் ஏதாவது ஒரு நைட் டியூட்டியில் ‘போதும், காலையில் பேப்பர் போட்டுவிடலாம்’ என்று, அதாவது ராஜினாமாக் கடிதம் கொடுத்துவிடலாம் என்று தோன்றியிருக்கும். அப்படித் தோன்றியும் கடைசிவரை இருந்து ரிடையர் ஆனவர்கள் இருக்கிறார்கள், ஆறே மாதத்தில் பெட்டியைக் கட்டிக்கொண்டு ஊருக்குப் போனவர்களும் இருக்கிறார்கள். இரண்டு வகையினரோடும் வேலை பார்த்திருக்கிறேன், மெடிக்கல் வார்டு இன்சார்ஜாக இருந்தபோது இரண்டு வகையினருக்கும் டியூட்டி லிஸ்ட் போட்டிருக்கிறேன். நின்றவர்கள் எல்லாம் கல்மனசுக்காரர்கள் என்று நினைத்துவிடாதீர்கள். அவர்களில் பலர் சட்டென்று கண் கலங்குகிறவர்கள்தான். ஆனால் வார்டில் அவர்களுக்கென்று ஒரு ஆள் இருந்தார், ஓரளவு தூக்கம் கிடைத்தது, தன் வேலைமேல் பெருமை இருந்தது, முக்கியமாக, தப்பு நடக்கும்போது வாய் திறந்து கேட்கத் தெரிந்திருந்தது.

கொடுத்த வேலையை எல்லாம் பேசாமல் சுமப்பதுதான் மனவலிமை என்று யாராவது சொல்லித் தந்தால் அதை ஏற்றுக்கொள்ளாதீர்கள். ஆள் பற்றாக்குறையை ஆழ்ந்த மூச்சு விட்டுச் சரிசெய்ய முடியாது. உங்கள் கையில் இருப்பது எது, நிர்வாகம் செய்ய வேண்டியது எது என்று பிரித்துத் தெரிந்துகொள்வதிலிருந்துதான் எல்லாம் தொடங்குகிறது. தமிழ்நாட்டில் தனியார் மருத்துவமனையிலோ அரசு ஒப்பந்தப் பணியிலோ இருக்கிறவர்களை மனதில் வைத்து எழுதுகிறேன். ஆண் செவிலியர்களான பிரதர்களுக்கும் இதே கதைதான், அவர்களும் சேர்த்துப் படிக்கட்டும்.

படி 1: எந்தக் களைப்பு என்று முதலில் பிரித்துப் பாருங்கள்

‘டயர்டா இருக்கு’ என்று ஒரே வார்த்தையில் சொல்லிவிடுகிறோம். ஆனால் அதற்குள் நாலு விஷயம் இருக்கிறது, நாலுக்கும் மருந்து வேறு.

ஒன்று, உடம்புக் களைப்பு. கால் வீங்குகிறது, இடுப்பு வலிக்கிறது, ஆனால் ஒரு நாள் ஆஃப் எடுத்து நன்றாகத் தூங்கி எழுந்தால் ஆள் தேறிவிடுகிறார். இதற்கு ஓய்வு போதும்.

இரண்டாவது, பர்ன்அவுட் என்று சொல்வது. அமெரிக்க உளவியலாளர் கிறிஸ்டினா மஸ்லாக் 1981-ல் இதை அளக்க ஒரு கேள்வித்தாள் உருவாக்கினார், இன்றுவரை உலகம் முழுக்க அதைத்தான் அதிகம் பயன்படுத்துகிறார்கள். அவர் மூன்று அடையாளங்களைச் சொன்னார்: உள்ளுக்குள் வற்றிப்போவது, நோயாளிகளிடமிருந்து மனசு விலகிப்போவது, என்ன செய்து என்ன ஆகப்போகிறது என்ற நினைப்பு. நோயாளியை ‘ஏழாம் பெட்’ என்று சொல்வது எல்லா வார்டிலும் நடப்பதுதான், அதை வைத்து உங்களைப் பற்றி முடிவு கட்டாதீர்கள். ஏழாம் பெட் தாத்தா தண்ணீர் கேட்டால் எரிச்சல் வருகிறதா, அது தினமும் வருகிறதா, ஆஃப் முடிந்து வந்த முதல் நாளே வருகிறதா என்று பாருங்கள். உலக சுகாதார நிறுவனம் 2019-ல் இதற்குத் தந்த விளக்கத்தில், இது நோய் இல்லை, வேலையிடத்தில் நீண்ட நாளாகச் சரிசெய்யப்படாத அழுத்தத்தால் வருவது என்றே சொல்கிறது. ஆக, பர்ன்அவுட் வந்தால் உங்களிடம் குறை என்று அர்த்தமில்லை.

மூன்றாவதைப் பற்றி நம் ஊரில் யாரும் பேசுவதே இல்லை. பக்கவாதம் வந்து படுத்திருக்கும் ஒருவரை இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை திருப்பிப் படுக்க வைக்க வேண்டும் என்று படித்திருக்கிறீர்கள். வார்டில் நீங்களும் ஒரு ட்ரெய்னியும் மட்டும்தான், பெட் எல்லாம் நிரம்பியிருக்கிறது, ஒரு பக்கம் புது அட்மிஷன் வந்து நிற்கிறது, இன்னொரு பக்கம் டிஸ்சார்ஜ் ஃபைல் கேட்டு பில்லிங்கிலிருந்து விடாமல் போன். மத்தியானம் ஷீட் மாற்றும்போது அவர் முதுகைத் திருப்பிப் பார்க்கிறீர்கள், இடுப்புக்குக் கீழே எலும்பு துருத்தும் இடத்தில் தோல் சிவந்திருக்கிறது, விரலால் அழுத்தி எடுத்தாலும் வெளுக்காமல் சிவப்பாகவே நிற்கிறது. படுக்கைப்புண்ணின் முதல் படி அது என்று உங்களுக்குத் தெரியும். காலையிலேயே திருப்பியிருந்தால் வந்திருக்காது என்றும் தெரியும். அந்த நிமிஷம் நெஞ்சை அடைப்பது களைப்பு இல்லை. சரியானது எது என்று தெரிந்தும், அதைச் செய்ய இடம் விடாதபோது வரும் தவிப்பு. ஆண்ட்ரூ ஜேம்டன் என்ற அறவியல் அறிஞர் 1984-லேயே செவிலியர்களிடம் இதைக் கவனித்து எழுதினார். இதற்கு லீவு போட்டால் சரியாகாது, திரும்பி வந்தாலும் அதே வார்டு, அதே ஆள் எண்ணிக்கைதானே. இதற்கு மருந்து படி 7-ல் இருக்கிறது.

நாலாவது, மனச்சோர்வு நோய். வேலை இல்லாத நாளிலும் எதிலும் பிடிப்பில்லை, சாப்பாடு தூக்கம் எல்லாம் கெட்டுப்போகிறது, செத்துப்போனால் நல்லது என்று எண்ணம் வருகிறது என்றால் அது பேப்பர் போடுவதா வேண்டாமா என்ற கேள்வியே இல்லை, சிகிச்சை வேண்டும். 14416 என்ற எண்ணில் இலவசமாக, தமிழிலேயே, எந்த நேரமும் பேசலாம். மருந்துகள் கைக்கெட்டும் தூரத்திலேயே இருப்பதால் இந்த விஷயத்தில் நமக்கு ஆபத்து அதிகம், தயங்காதீர்கள்.

படி 2: உங்களை இங்கே நிறுத்தி வைத்திருப்பது என்ன என்று எழுதிப் பாருங்கள்

ஏன் போகிறார்கள் என்று ஆராய்வதை விட்டுவிட்டு, ஏன் இருக்கிறார்கள் என்று கேட்கலாமே என்று 2001-ல் டெரன்ஸ் மிட்செல் என்பவரும் கூட்டாளிகளும் ஒரு ஆய்வு வெளியிட்டார்கள். மருத்துவமனை ஊழியர்களும் அதில் இருந்தார்கள். அவர்கள் கண்டது மூன்று: வேலையிடத்திலும் ஊரிலும் இருக்கும் உறவுகள், அந்த வேலைக்கும் நமக்கும் உள்ள பொருத்தம், விட்டுப்போனால் எதையெல்லாம் இழப்போம் என்பது.

ஒரு தாளை எடுத்து மூன்றையும் எழுதுங்கள். யார் இருப்பதால் இந்த டியூட்டிக்கு வரப் பிடிக்கிறது? எந்த வேலையைச் செய்யும்போது நேரம் போவதே தெரியவில்லை? போனால் எது போகும், பி.எஃப். தொடர்ச்சியா, பிள்ளையின் பள்ளிக்கூடமா, ஹாஸ்டல் ரூமா, சீனியாரிட்டியா?

எழுதி முடித்ததும் ஒவ்வொன்றின் பக்கத்திலும் ‘இது எனக்குப் பிடித்தது’ அல்லது ‘இது என்னைப் பிடித்து வைத்திருப்பது’ என்று குறியுங்கள். இரண்டாவது வகை மட்டுமே இருந்தால், அதாவது இத்தனை வருஷம் இருப்பேன் என்று எழுதிக் கொடுத்த பாண்டு, கல்விக்கடன், சர்ட்டிபிகேட் அவர்களிடம் இருக்கிறது என்ற பயம், இப்படி மட்டுமே இருந்தால் அந்த இடத்தில் மனசு ஊன்றாது. ஒரிஜினல் சான்றிதழ் உங்கள் சொத்து. சரிபார்த்துவிட்டுத் திருப்பித் தரச் சொல்லுங்கள், கொடுத்தால் கையெழுத்துடன் ரசீது வாங்காமல் கொடுக்காதீர்கள்.

படி 3: முதல் வருஷத்தைக் கடக்க

அதிகம் பேர் போவது இந்த வருஷத்தில்தான், அதனால் இங்கே கொஞ்சம் நிதானமாகப் பேசுவோம். கல்லூரியில் ஒரு நோயாளிக்கு ஒரு கேர் பிளான், அதாவது பராமரிப்புத் திட்டம், எழுதியவர்களை வார்டில் பத்துப் பேருக்கு நடுவே விடுகிறார்கள். தனக்கு ஒன்றுமே தெரியவில்லை என்று தோன்றும். தெரியாமல் இல்லை, எதை முதலில் செய்வது என்று கைக்கு இன்னும் பழகவில்லை, அவ்வளவுதான்.

சேர்ந்த வாரத்திலேயே ஒரு சீனியரைப் பிடித்துக்கொள்ளுங்கள். ரொம்பக் கெட்டிக்காரராக இருக்க வேண்டும் என்பதில்லை, கேள்வி கேட்டால் முகம் சுளிக்காதவராக இருக்க வேண்டும். ‘அக்கா, இந்த டோஸ் ஒருதடவை பாத்துச் சொல்லுங்க’ என்று கேட்பதில் வெட்கப்படவே கூடாது. இன்சுலின், ஹெப்பாரின், பொட்டாசியம் குளோரைடு மாதிரி மருந்துகளுக்கு எத்தனை வருஷ அனுபவம் இருந்தாலும் இரண்டாவது ஆள் பார்த்துத்தான் ஏற்ற வேண்டும்.

டூட்டி டாக்டருக்கு ராத்திரி போன் பண்ணப் பயப்படுகிறவர்கள் நிறைய. என்ன சொல்வது என்று தடுமாறுவதால்தான் திட்டு விழுகிறது. போனை எடுக்கும் முன் நாலு வரி எழுதிக்கொள்ளுங்கள்: இப்போது என்ன, அவர் யார், நான் என்ன நினைக்கிறேன், எனக்கு என்ன வேண்டும். ‘சார், மெடிக்கல் வார்டு, பன்னிரண்டாம் பெட், பிபி 80/50, அரை மணி நேரம் முன்னாடி 110 இருந்தது. நேத்து நிமோனியான்னு அட்மிட் ஆன 64 வயசு அம்மா. இன்ஃபெக்‌ஷன் ரத்தத்துல ஏறுதோன்னு பயமா இருக்கு. நீங்க இப்ப வந்து பாக்கணும், அதுவரை ஃப்ளூயிட் எவ்வளவு விடட்டும்?’ இப்படிச் சொன்னால் எதிர்முனையில் தூக்கம் கலைந்து எழுந்துவிடுவார்கள். இந்த முறை அமெரிக்கக் கடற்படையின் நீர்மூழ்கிக் கப்பல்களிலிருந்து மருத்துவமனைகளுக்கு வந்தது, இன்று நம் ஊரில் தர அங்கீகாரம் வாங்கிய மருத்துவமனைகளிலும் சொல்லித் தருகிறார்கள். போன் செய்த நேரத்தையும் அவர் சொன்ன பதிலையும் கேஸ் ஷீட்டில் எழுதிவிடுங்கள். இது பழகிய நாளிலிருந்து பயத்தில் பாதி குறைந்துவிடும்.

புதிதாகச் சேர்ந்தவரை ஐ.சி.யு.வில் தனியாக வென்டிலேட்டர் நோயாளியோடு விட்டால் ‘எனக்கு இன்னும் ட்ரெயினிங் முடியலை சிஸ்டர், கூட ஒருத்தர் வேணும்’ என்று அப்போதே சொல்லுங்கள். நோயாளியின் உயிர் சம்பந்தப்பட்டது, இதில் கூச்சத்துக்கு இடமில்லை.

படி 4: நைட் டியூட்டியை உடம்புக்குச் சொல்லிப் பழக்குங்கள்

நைட் ஷிஃப்ட் உடம்பைக் கெடுக்கும் என்பது வெறும் பேச்சு இல்லை. புற்றுநோய் ஆய்வுக்கான சர்வதேச அமைப்பு 2007-லும் மறுபடி 2019-லும் இரவு வேலையைப் புற்றுநோய் வரவைக்க வாய்ப்புள்ளவற்றின் பட்டியலில் வைத்திருக்கிறது. அதற்காக நைட்டே பார்க்க முடியாது என்று சொல்ல முடியாது, ஆஸ்பத்திரி ராத்திரியும் ஓட வேண்டும். சேதத்தைக் குறைக்கலாம்.

முதல் நைட்டுக்குப் போகும் முன் மத்தியானம் ஒன்றரை மணி நேரமாவது தூங்கிவிட்டுப் போங்கள். சாப்பாட்டைப் பத்து மணிக்குள் முடித்துவிடுங்கள், ரெண்டு மணிக்கு பரோட்டா வரவழைத்துச் சாப்பிட்டால் காலைவரை நெஞ்செரிச்சல்தான். காபியின் வீரியம் பாதியாகக் குறையவே ஐந்து மணி நேரம் போல ஆகும், அதனால் மூன்று மணிக்கு மேல் வேண்டாம், இல்லாவிட்டால் வீட்டுக்குப் போய்ப் புரண்டுகொண்டிருப்பீர்கள். விடியற்காலை மூன்றிலிருந்து ஐந்து மணிவரை மூளை ரொம்ப மந்தமாக இருக்கும் நேரம். கணக்குப் போட்டு ஏற்ற வேண்டிய மருந்துகளை அந்த நேரத்தில் இருவர் சேர்ந்து பாருங்கள். வார்டில் முறைவைத்து இருபது, முப்பது நிமிஷம் கண் மூட இன்சார்ஜ் அனுமதித்தால் எடுத்துக்கொள்ளுங்கள், அது சோம்பேறித்தனம் இல்லை.

காலையில் ஸ்கூட்டி ஓட்டிக்கொண்டு வீட்டுக்குப் போகும்போது கண் சொக்குகிறது என்றால் வண்டியை விட்டுவிட்டு பஸ்ஸிலோ ஷேர் ஆட்டோவிலோ போங்கள். வீட்டில் ஜன்னலுக்குக் கனமான திரை, போன் சைலண்டில். பகலில் தூங்குவது சும்மா படுத்திருப்பது இல்லை என்று மாமியாருக்கோ அம்மாவுக்கோ புரிய வைக்க ஒருமுறை உட்கார்ந்து பேசிவிடுவது நல்லது. கணவர் பேசினால் இன்னும் நல்லது.

படி 5: டியூட்டிக்குள்ளேயே சின்னச் சின்ன இடைவெளி

எட்டு மணி நேரத்தில் உட்கார நேரமில்லை என்கிறவர்களுக்கும் ஹேண்ட் ரப் போட நேரம் உண்டு. கை முழுக்கத் தேய்க்க 20 முதல் 30 நொடி ஆக வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது, நாம் அவசரத்தில் ஐந்து நொடியில் முடித்துவிடுகிறோம். அந்த முழு நேரத்தையும் எடுத்துக்கொள்ளுங்கள். இப்போது பார்த்த நோயாளியை விட்டுவிட்டு அடுத்தவரின் பெயரை மனதுக்குள் ஒருமுறை சொல்லுங்கள், தோளைத் தளர்த்துங்கள். தொற்றும் பரவாது, மனசும் கொஞ்சம் இளைப்பாறும். ஒரு நாளில் எத்தனை முறை கை தேய்க்கிறோம் என்று யோசித்துப் பாருங்கள், அத்தனை இளைப்பாறல்.

டியூட்டி முடிவில் ஹேண்ட்ஓவரை நர்ஸிங் ஸ்டேஷனில் நின்று கடகடவென்று ஒப்பிக்காமல், இரண்டு பேரும் சேர்ந்து பெட் பெட்டாகப் போய்க் கொடுங்கள். மருந்து ஏற்ற நரம்பில் போட்ட கேனுலா இருக்கும் இடம் வீங்கியிருக்கிறதா, யூரின் பேக்கில் எவ்வளவு, சலைன் இன்னும் எத்தனை மணிக்கு முடியும், எல்லாம் கண்ணால் பார்த்து ஒப்படைத்தால்தான் வீட்டுக்குப் போய் ‘ஐயோ அந்த ட்ரிப்பை நிறுத்தினேனா’ என்று பதற வேண்டியிருக்காது. மனசு வார்டிலேயே மாட்டிக்கொள்வதற்குப் பாதிக் காரணம் அரைகுறையாகக் கொடுத்த ஹேண்ட்ஓவர்தான்.

இறப்பைப் பற்றி ஒன்று. ஒருவர் இறந்ததும் லைன், ட்யூப் எல்லாம் எடுத்து, துடைத்து, கட்டி, ஃபைலை முடித்து, அடுத்த அரை மணியில் அதே பெட்டுக்கு வேறு ஒருவர் வந்துவிடுகிறார். அந்த வேகத்தில் அழுகை உள்ளேயே தங்கிவிடும். உடம்பைச் சுத்தம் செய்ய இருவராகப் போங்கள், தொடங்கும் முன் ஒரு நிமிஷம் பேசாமல் நில்லுங்கள். மாதக்கணக்கில் பார்த்துக்கொண்ட நோயாளி என்றால் அன்று டியூட்டி முடிந்ததும் கூட இருந்தவரோடு ஒரு டீ குடித்துவிட்டு அவரைப் பற்றிப் பேசிவிட்டுப் போங்கள். குழந்தைகள் வார்டிலும் புற்றுநோய் வார்டிலும் இருப்பவர்களுக்கு இது கட்டாயம்.

படி 6: ஒரு வேலையையாவது உங்கள் பெயர் சொல்லும்படி செய்யுங்கள்

மும்பை கே.இ.எம். மருத்துவமனையில் செவிலியராக இருந்த அருணா ஷான்பாக் 1973-ல் அங்கேயே கொடூரமாகத் தாக்கப்பட்டு நினைவிழந்தார். 2015-ல் இறக்கும்வரை 42 வருஷம் அதே மருத்துவமனைச் செவிலியர்கள் அவரைப் பார்த்துக்கொண்டார்கள், பழையவர்கள் ஓய்வு பெற்றுப் போகப் புதிதாக வந்தவர்கள் ஏற்றுக்கொண்டார்கள். 2011-ல் வழக்கு உச்ச நீதிமன்றத்துக்குப் போனபோது நீதிபதிகள் அந்தச் செவிலியர்களின் கவனிப்பைத் தீர்ப்பிலேயே மனதாரப் பாராட்டினார்கள். அத்தனை வருஷம் படுத்த படுக்கையாக இருந்தவரின் தோலைப் புண் வராமல் காப்பது எவ்வளவு பெரிய வேலை என்று நமக்குத் தெரியும், வெளியே இருப்பவர்களுக்குத் தெரியாது.

இந்த வேலையில் ஆளை நிறுத்துவது பெரும்பாலும் இந்தப் பெருமைதான். பெரிதாக எதுவும் வேண்டாம். குழந்தைக்கு ஒரே குத்தில் கேனுலா போடுவதில் கை தேர்ந்தவர் என்று பெயர் எடுங்கள், அல்லது சர்க்கரைப் புண் டிரஸ்ஸிங், அல்லது தாய்ப்பால் கொடுக்கத் தடுமாறும் புதுத்தாய்க்கு உட்கார்ந்து சொல்லித் தருவது. மற்ற வார்டிலிருந்து உங்களைத் தேடி ஆள் வரும் நாளில் இந்த வேலை உங்களுக்குச் சொந்தமாகிவிடும். கிரிட்டிக்கல் கேர், ஆன்காலஜி, ஆபரேஷன் தியேட்டர் போன்றவற்றில் ஒரு வருஷ போஸ்ட் பேசிக் டிப்ளமோக்கள் இருக்கின்றன, முடிந்தால் படியுங்கள்.

படி 7: புலம்பாதீர்கள், எண்களில் பேசுங்கள்

ஒரு செவிலியருக்கு எத்தனை நோயாளி என்பதுதான் எல்லாவற்றுக்கும் அடிப்படை. லிண்டா ஐக்கன் குழுவினர் பென்சில்வேனியாவின் 168 மருத்துவமனைகளை ஆராய்ந்து 2002-ல் வெளியிட்ட கணக்கை ஒவ்வொரு இன்சார்ஜும் மனப்பாடமாக வைத்திருக்க வேண்டும்: செவிலியர் ஒருவருக்கு ஒரு நோயாளி கூடினால் அறுவை சிகிச்சை நோயாளிகள் 30 நாளுக்குள் இறக்கும் வாய்ப்பு 7 சதவீதம் கூடுகிறது, செவிலியர் பர்ன்அவுட் ஆகும் வாய்ப்பு 23 சதவீதம் கூடுகிறது. கலிபோர்னியா மாநிலம் சட்டமே போட்டு 2004-லிருந்து ஒரு செவிலியருக்கு இத்தனை நோயாளிக்கு மேல் கூடாது என்ற விகிதத்தை நடைமுறைப்படுத்தியது. இந்திய நர்சிங் கவுன்சிலும் அளவு சொல்லியிருக்கிறது: பொது வார்டில், கற்பிக்கும் மருத்துவமனை என்றால் 3 நோயாளிக்கு ஒருவர், மற்றவற்றில் 5 நோயாளிக்கு ஒருவர். உங்கள் வார்டு எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்று நீங்களே கணக்குப் போடுங்கள்.

செய்ய வேண்டியது இது. ஒரு நோட்டில் ஒவ்வொரு ஷிஃப்டுக்கும் தேதி, நோயாளிகள் எண்ணிக்கை, செவிலியர் எண்ணிக்கை, விட்டுப்போன வேலை என்ன என்று ஒரு வரி எழுதுங்கள். நோயாளி பெயர் வேண்டாம். ஒரு மாதம் சேர்ந்ததும் இரண்டு மூன்று பேராகச் சேர்ந்து நர்சிங் சூப்பிரண்டிடம் கடிதமாகக் கொடுங்கள். ‘எங்களால் முடியலை’ என்று எழுதாமல், ‘இந்த மாதம் இத்தனை நைட்டில் 18 பேருக்கு ஒருவர் இருந்தோம், அந்த நைட்டுகளில் இரண்டு மணி நேர பொசிஷன் மாற்றம் நடக்கவில்லை, நைட்டுக்கு ஒருவர் கூடுதலாக வேண்டும்’ என்று எழுதுங்கள். நகலில் சீல், தேதி வாங்கிக்கொள்ளுங்கள். படி 1-ல் சொன்ன அந்தத் தவிப்புக்கு நான் கண்ட ஒரே மருந்து இதுதான். உடனே ஆள் வராவிட்டாலும், பார்த்தும் சொல்லாமல் இருந்தோம் என்ற பாரம் இறங்கிவிடும்.

சம்பளத்திலும் எண் இருக்கிறது. இந்தியச் செவிலியர் சங்கம் தொடுத்த வழக்கில் 2016 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டதன் பேரில் மத்திய அரசு அமைத்த குழு, 200 படுக்கைக்கு மேலுள்ள தனியார் மருத்துவமனை மாநில அரசுச் செவிலியருக்கு இணையாகத் தர வேண்டும், 100-க்கு மேல் என்றால் 10 சதவீதத்துக்கு மிகாமல் குறையலாம், 50 முதல் 100 வரை 25 சதவீதத்துக்கு மிகாமல் குறையலாம், 50-க்குக் கீழே என்றாலும் ரூ.20,000-க்குக் குறையக் கூடாது என்று பரிந்துரைத்தது. கேரளச் செவிலியர்கள் ஒன்றுசேர்ந்து போராடியதால் அங்கே 2018-ல் குறைந்தபட்ச ஊதியமாகவே அந்த 20,000 அறிவிக்கப்பட்டது. நம் ஊரில் பல இடங்களில் அந்தப் பரிந்துரை காகிதத்திலேயே இருக்கிறது, இதைச் சொல்ல எனக்கு வேதனையாக இருக்கிறது. அரசுப் பக்கமும் அப்படியே. மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியத்தின் (எம்.ஆர்.பி.) தேர்வில் தேறி மாதம் ரூ.7,700 தொகுப்பூதியத்துக்குச் சேர்ந்தவர்கள் பணி நிரந்தரம் கேட்டு 2017 நவம்பரில் சென்னையில் சுகாதாரத் துறை அலுவலகங்கள் இருக்கும் டி.எம்.எஸ். வளாகத்தில் போராட்டமாக உட்கார்ந்தார்கள். கொரோனாவில் வேலை பார்த்த ஒப்பந்தச் செவிலியர்கள் பலருக்கு 2022 டிசம்பர் 31-உடன் வேலை முடிந்துபோனது. இவர்களிடம் போய் மனவலிமை வகுப்பு எடுக்க யாருக்கும் வாய் வராது. சங்கத்தில் சேருங்கள், சந்தா கட்டுங்கள், கூட்டத்துக்குப் போங்கள்.

படி 8: திட்டு, அடி, ஊசிக்குத்து

நோயாளியோடு வரும் அட்டெண்டர்கள் சத்தம் போடும்போது பெரும்பாலும் பயத்தில்தான் போடுகிறார்கள். குரலைத் தாழ்த்தி, ‘அண்ணா, டாக்டர் அஞ்சு நிமிஷத்துல வர்றாரு, அதுவரைக்கும் நான் இங்கயேதான் இருக்கேன்’ என்று சொன்னால் பல நேரம் அடங்கிவிடும். கை ஓங்கினால் வேறு கதை. மருத்துவப் பணியாளர்களைத் தாக்குவதற்கு எதிராகத் தமிழ்நாட்டில் 2008-லிருந்து தனிச் சட்டம் இருக்கிறது, அதில் எளிதில் ஜாமீன் கிடைக்காது. நிர்வாகம் ‘விடுங்க சிஸ்டர்’ என்றாலும் எழுத்தில் புகார் கொடுங்கள். கூட வேலை செய்பவர் பாலியல் தொல்லை கொடுத்தால் 2013 சட்டப்படி பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் எந்த இடத்திலும் உள் புகார்க் குழு இருந்தே ஆக வேண்டும்.

ஊசி குத்திக்கொண்டால் சோப்பும் தண்ணீரும் போட்டுக் கழுவுங்கள், பிதுக்கக் கூடாது, உடனே சொல்லுங்கள். எச்.ஐ.வி. தடுப்பு மருந்தை இரண்டு மணி நேரத்துக்குள் தொடங்கினால் நல்லது, 72 மணி நேரம் தாண்டினால் பயனில்லை, 28 நாள் சாப்பிட வேண்டும். திட்டுவார்களோ என்று மறைத்துவிட்டு மாதக்கணக்கில் பயந்தே கிடந்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

படி 9: இன்சார்ஜ் சிஸ்டர்களுக்கு

ஆள் நிற்பதும் போவதும் பாதிக்குமேல் உங்கள் கையில். டியூட்டி லிஸ்ட்டை இரண்டு வாரம் முன்னாடியே ஒட்டுங்கள், வீட்டில் ஒரு கல்யாணத்துக்குக்கூடத் திட்டம் போட முடியாத வேலையில் யார் இருப்பார்கள்? காலை, மத்தியானம், நைட் என்று முன்னோக்கிச் சுழற்றுங்கள், உடம்பு அதைத் தாங்கும். நைட் முடித்தவரை அடுத்த நாள் காலை டியூட்டிக்குக் கூப்பிடாதீர்கள். தீபாவளி, பொங்கல், கிறிஸ்துமஸ், ரம்ஜான் ஆஃப் யார் யாருக்குக் கிடைத்தது என்று வருஷக் கணக்கு வைத்திருங்கள், உங்களுக்குப் பிடித்தவருக்கே எல்லா ஆஃபும் போகிறது என்ற பேச்சு வந்துவிட்டால் அந்த வார்டு உடைந்துவிடும்.

டாக்டர் ஒருவர் ஜூனியரை நோயாளி முன்னால் கத்தினால் போய்ப் பக்கத்தில் நில்லுங்கள். ‘சார், ரூமுக்குள்ள பேசுவோம்’ என்று ஒரு வார்த்தை போதும். அன்று நீங்கள் நின்றதை அந்தப் பெண் பணி முடியும்வரை மறக்க மாட்டாள். அமெரிக்காவில் 1983-ல், மற்ற இடங்களில் ஆள் கிடைக்காதபோதும் செவிலியர்கள் விட்டுப்போகாத 41 மருத்துவமனைகளைத் தேர்ந்தெடுத்து என்ன காரணம் என்று பார்த்தார்கள். தன் வார்டு விஷயத்தில் தானே முடிவெடுக்கும் உரிமை, காது கொடுக்கும் தலைமை நர்ஸ், போதிய ஆள், டாக்டர்களிடம் மரியாதை. இவைதான் வந்தன.

படி 10: இருப்பதா, இடம் மாறுவதா, போவதா

இந்த முடிவை நைட் முடித்த காலையிலோ திட்டு வாங்கிய அன்றோ எடுக்காதீர்கள். ஒரு ஆஃப் எடுத்து, நன்றாகத் தூங்கி, படி 2-ல் எழுதிய தாளை எடுத்துப் பாருங்கள்.

உறவும் பொருத்தமும் இருக்கிறது, வார்டு மட்டும் சரியில்லை என்றால் முதலில் வார்டு மாற்றம் கேளுங்கள். ஐ.சி.யு.வில் மூச்சு முட்டியவர்கள் டயாலிசிஸிலோ ஓ.பி.யிலோ மலர்ந்ததுண்டு. வார்டு வேலையே ஒத்துவரவில்லை என்றால் நர்சிங்கையே விட வேண்டியதில்லை. துணை சுகாதார நிலையங்களில் இடைநிலை சுகாதாரப் பணியாளர், 2021-ல் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவத் திட்டத்தில் வீடு தேடிப் போகும் நோய்த்தணிப்புப் பராமரிப்பு, பள்ளி, தொழிற்சாலை, தொற்றுக் கட்டுப்பாடு என்று வேறு வாசல்கள் இருக்கின்றன. கர்ப்பமானதும் வேலையை விடுகிறவர்கள் கொஞ்சம் பொறுங்கள்: முந்தைய 12 மாதத்தில் 80 நாள் வேலை பார்த்திருந்தால் முதல் இரண்டு பிரசவத்துக்கு 26 வாரம் சம்பளத்தோடு விடுப்பு தனியாரிலும் உண்டு, 50 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் குழந்தைக் காப்பகமும் இருக்க வேண்டும்.

வெளிநாடு என்றால் முதலில் சென்னையில் தமிழ்நாடு அரசின் அயல்நாட்டு வேலைவாய்ப்பு நிறுவனத்தில் விசாரியுங்கள், லட்சக்கணக்கில் கேட்கும் ஏஜெண்டிடம் நகையை அடகு வைத்துப் போகாதீர்கள். பதிவு பெற்ற ஏஜெண்டா என்று மத்திய அரசின் இ-மைக்ரேட் தளத்தில் பார்க்கலாம்.

போவதென்றே முடிவாகிவிட்டால் நோட்டீஸ் பீரியடை முழுசாக முடித்துப் போங்கள். ரிலீவிங் ஆர்டர், எந்த வார்டு, எத்தனை படுக்கை, எந்தத் தேதியிலிருந்து எந்தத் தேதிவரை என்று குறிப்பிட்ட அனுபவச் சான்றிதழ், கடைசி மூன்று மாதச் சம்பளச் சீட்டு, பி.எஃப். யு.ஏ.என். எண், வேலைக்குச் சேரும்போது கொடுத்த ஒரிஜினல்கள், இவ்வளவும் கையில் வந்த பிறகே ஐ.டி. கார்டைத் திருப்பிக் கொடுங்கள். வீட்டில் இருக்கப் போகிறீர்கள் என்றாலும் தமிழ்நாடு நர்சிங் கவுன்சில் பதிவை மட்டும் காலாவதி ஆக விடாதீர்கள், ஐந்து வருஷத்துக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டும், அதற்குத் தொடர்கல்வி மணிநேரக் கணக்கும் கேட்பார்கள், ஆக அவ்வப்போது நடக்கும் வகுப்புகளுக்குப் போய்ச் சான்றிதழ்களை ஒரே ஃபைலில் போட்டு வையுங்கள். பிள்ளை பள்ளிக்கூடம் போகத் தொடங்கிய பிறகு திரும்பி வருகிறவர்கள் நிறையப் பேர், பதிவு உயிரோடு இருந்தால் அடுத்த வாரமே டியூட்டியில் சேரலாம்.